ஆட்டுக்கொம்புத் தூண்கள்

ஓய்வுபெற்ற ஆசிரியர்களுக்கு மலர் போடுகிறோம், நீங்களும் ஒரு கட்டுரை தர வேண்டும் என்று கேட்டு இரண்டு பேர் வீட்டுக்கு வந்தார்கள். இருவரும் என் பழைய பள்ளிக்கூடத்தில் இப்போது படிப்பிப்பவர்கள். தேத்தண்ணீர் குடித்து முடிந்ததும் ஒருவர், "இனிமையான நினைவா இரிக்கட்டும் சேர்" என்றார். மற்றவர், "உங்கட பாடத்த இந்த வருசத்தோட நிப்பாட்டியாச்சி. அதப் பத்தியும் ஒரு சொட்டு எழுதுங்க" என்றார்.

என் பாடம் கிரேக்க உரோம நாகரிகம். அதைக் கல்முனையில் உயர்தர வகுப்புக்குப் படிப்பித்த ஒரு மனிதனிடம் வந்து இனிமையைக் கேட்கிறார்கள். நல்ல பிள்ளைகள், தெரியாமல் கேட்டுவிட்டார்கள். எழுதுகிறேன். இனிக்காவிட்டால் நான் பொறுப்பில்லை.

நான் பல்கலைக்கழகம் போனது சரித்திரம் படிக்க. தமிழ் மொழியில் கிரேக்கம் படிக்க ஆள் குறைவு, படித்தால் அங்கேயே விரிவுரையாளராகி விடலாம் என்று விடுதியில் ஒருவன் சொன்னான். நம்பினேன். பட்டம் கிடைத்தது, விரிவுரையாளர் வேலை கிடைக்கவில்லை. சொன்னவன் வங்கியில் சேர்ந்துவிட்டான். எழுபத்தேழில் எனக்கு ஊரிலேயே ஆசிரியர் நியமனம் வந்தது.

பள்ளிக்கூட அதிபர் ஹனீபா சேர் என் சான்றிதழைக் கையில் எடுத்து, தூரத்தில் பிடித்து, கிட்டத்தில் பிடித்துப் பார்த்தார்.

"நீங்க கிரேக்கம் படிச்ச ஆளா?"

"ஓம் சேர். ஆனா சரித்திரமும் படிப்பிப்பன்."

"சரித்திரத்துக்கு ஆள் இரிக்கி. நீங்க கிரேக்கத்தயே தொடங்குங்க. ஆனா ஒண்டு, பெரிசாக்க வேணாம்."

இந்தக் கடைசி இரண்டு சொற்கள்தான் அவருடைய நிர்வாகம் முழுவதும். கூரை ஒழுகினாலும், பிள்ளைகள் அடிபட்டாலும், ஆசிரியர்கள் முறைப்பாடு கொண்டு போனாலும் அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். கேட்டு முடிந்ததும் மேசையில் இருக்கும் பேனையை நேராக்கி வைப்பார். பிறகு, "செய்வம், பெரிசாக்க வேணாம்" என்பார். இல்லை என்று ஒருவரிடமும் சொன்னதில்லை. செய்ததாகவும் எனக்கு ஞாபகமில்லை. குரல் உயர்த்தாத மனிதர். அவரிடம் கோபப்பட்டுப் பயனில்லை என்பதுதான் அவர்மேல் எனக்கு இருந்த பெரிய கோபம்.

புத்தகம் கேட்டேன். செய்வம் என்றார். என்னிடம் இருந்த ஒரே ஆங்கிலப் புத்தகத்தின் படங்களை ரோனியோ நகல் பொறியில் அடித்துக் கொடுத்தேன். ஏதென்ஸ் நகரத்து மலையில் வெண்கல்லில் நிற்கும் பார்த்தினன் கோயில், ரோனியோவில் பேக்கரியில் கருகின பாண் மாதிரி வந்தது. அதைப் பார்த்துத்தான் என் பிள்ளைகள் கிரேக்கரின் அழகுணர்ச்சியைப் பற்றிக் கட்டுரை எழுதினார்கள்.

கட்டுரையிலும் ஒரே பிழை. கிரேக்கரின் கோயில் ஜனங்கள் கூடி வணங்கும் மண்டபம் அல்ல. அது தெய்வத்தின் சிலை குடியிருக்கும் வீடு. ஜனங்கள் வெளியே நிற்பார்கள். பலி கொடுக்கும் மேடையும் வெளியேதான், வாசலுக்கு எதிரே, திறந்த வானத்தின் கீழ். மேடையையும் வீட்டையும் சுற்றியிருக்கும் நிலத்தை எல்லைக்கல் நட்டு வேறாக்கி வைப்பார்கள். புனிதம் முதலில் அந்த மண்ணுக்குத்தான். ஒரு ஊற்று, ஒரு மலையுச்சி, கடலுக்குள் நீண்டு நிற்கும் ஒரு முனை, இப்படி இடம் முதலில் வரும். கட்டடம் பிந்தி வரும். சில இடங்களில் வராமலே போகும். இதை நான் தவணைக்குத் தவணை சொன்னேன். பிள்ளைகளும் தவணைக்குத் தவணை, "கிரேக்கர் கோயிலுக்குள் திரண்டு நின்று வணங்கினர்" என்று அழகான எழுத்தில் எழுதினார்கள். தாங்கள் கண்ட வணக்கத்தலத்தைத்தான் அவர்கள் எழுதினார்கள். விளங்கியது. விளங்கியும் எரிச்சல் குறையவில்லை.

கடைசியில் வகுப்பைக் கடற்கரைக்குக் கூட்டிப் போனேன். மணலில் முளை அடித்து, கயிறு பிடித்து, கோயிலின் தரைப்படத்தைக் கீறினேன். தூண் நிற்கும் இடமெல்லாம் தேங்காய் மட்டை குத்தினோம். வாசல் கிழக்கே, கடலைப் பார்த்து. வாசலுக்கு வெளியே பலிமேடைக்கு ஒரு மணல் குவியல். எல்லோரையும் மேடையைச் சுற்றி நிற்க வைத்து, "இப்ப நீங்கதான் ஏதென்ஸ்காரர். உள்ள ஒருவரும் போகக்கூடாது" என்றேன்.

கரைவலைக்காரர் ஒருவர் வந்து இடுப்பில் கைவைத்துக்கொண்டு பார்த்தார்.

"சேர், இதில மீன் வாடி போடப் போறீங்களா? இது நாங்க வலை காயப்போடுற இடம்."

"வாடி இல்ல காக்கா. பாடம்."

"எவ்வளவு நேரத்துக்குப் பாடம்?"

அன்று நடந்த ஒரே நல்ல விஷயம், மருதமுனையிலிருந்து வரும் நஸீமா என்ற பிள்ளை சொன்னது. அவர் மேற்கையும் கிழக்கையும் திரும்பிப் பார்த்துவிட்டு, "சேர், அவங்கட சிலை வாசலால கடலப் பாத்துக்கிட்டு இரிக்கி. நாம தொழக்குள்ள கடல் நமக்கு முதுகுப் பக்கம்" என்றார். பல்கலைக்கழகத்தில்கூட அப்படி ஒரு வசனம் நான் கேட்டதில்லை.

அடுத்த நாள் அதிபர் கூப்பிட்டார்.

"சேர், கடற்கரையில காணி அளந்தீங்களாம்."

"காணி இல்ல சேர், கோயில்."

அவர் கண்ணை மூடினார். பேனையை நேராக்கினார். "அதவிடக் காணி எண்டே செல்லுங்க."

பிறகு ஒருநாள், வாப்பாவுடன் நாவிதன்வெளி வயலுக்குப் போய்வரும் ஒரு பையன் கைதூக்கினான். நெல் சூடு அடிக்கிற களவெட்டிக்குள் செருப்போடு போனால் வாப்பா ஏசுவார் என்றான். அங்கே நின்று சில சொற்களைக் கதைக்கவும் விடமாட்டாராம். "அதில கட்டடம் ஒண்டுமில்ல சேர், வெறும் நிலம்தான். கிரேக்கர்ட எல்லைக்கல் நிலமும் அது மாதிரியா?" என்று கேட்டான். அது மாதிரித்தான். அந்தத் தவணை ஒருவரும் கோயிலுக்குள் திரண்டு நிற்கவில்லை. இப்படி இரண்டொரு நாட்கள் இருந்தன, மறுக்கவில்லை.

இனித் தூண்களின் கதை.

எழுபத்தெட்டுச் சூறாவளியில் எங்கள் பகுதிப் பள்ளிவாசலின் கூரை பறந்துபோனது. திருத்துவதைவிடப் புதிதாகக் கட்டலாம் என்று முடிவாகி, வேலை நின்று நின்று நடந்து, எண்பதுகளின் தொடக்கத்தில்தான் முகப்புக்கு வந்தது. பள்ளிவாசலை நடத்தும் நம்பிக்கையாளர் சபையின் தலைவர் ஆதம்பாவா ஹாஜியார் நெல் ஆலை வைத்திருந்தவர். அவருடைய மகன் வெளிநாட்டில் வேலை செய்தான். ஏதோ ஒரு வங்கிக் கட்டடத்தின் முன்னால் நின்று படம் பிடித்து அனுப்பியிருந்தான். ஹாஜியார் அந்தப் படத்தை அலியார் மேசனிடம் கொடுத்து, முகப்பு இது மாதிரி இருக்கட்டும் என்றார். மேசன் அது மாதிரியே கட்டினார். நான்கு தூண்கள். ஒவ்வொன்றின் தலையிலும் இரண்டு பக்கமும் உள்நோக்கிச் சுருண்ட சுருள்.

அதே மாதம் வகுப்பில் நான் தூண் வகைகளைத் தொடங்கியிருந்தேன். அயோனிக் தூணின் தலையை விளக்க வேண்டும், கையில் இருப்பதோ கருகின பாண். ஆட்டுக்கொம்பு இரண்டு பக்கமும் சுருண்டிருப்பது மாதிரி என்றேன். நஸீமா எழுந்தார்.

"சேர், நம்மட புதுப் பள்ளிவாசல்ட முன்தூண் மாதிரியா?"

நான் அன்று பின்னேரமே போய்ப் பார்த்தேன். அயோனிக்தான். ஒரு குறையும் இல்லை. இத்தனை வருடம் காட்ட ஒன்றுமில்லாமல் தவித்த மனிதனுக்கு நடந்து போகும் தூரத்தில் நான்கு தூண்கள் முளைத்திருந்தன. அடுத்த நாள் வகுப்பில், "நஸீமா செல்றது சரி. எல்லாரும் போய்ப் பாருங்க" என்றேன். நான் சொன்னது அவ்வளவுதான். இன்று கேட்டாலும் அதையேதான் சொல்வேன்.

பிள்ளைகள் கூட்டமாகப் போய் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள். சிலர் படம் கீறினார்கள். என்ன பார்க்கிறீர்கள் என்று கேட்டவர்களிடம், கிரேக்கக் கோயில் தூண், எங்கள் பாடத்தில் வருகிறது என்றார்கள். முதல் கடையில் அது கிரேக்கக் கோயில் தூணாக இருந்தது. சந்தைக்குப் போய்ச் சேர்ந்தபோது சிலை வைக்கும் வீட்டுத் தூணாகிவிட்டது. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு நான் போனபோது, கிரேக்க சேர் நம்மட பள்ளியைச் சிலை வீடு என்று சொல்லிவிட்டார் என்று என் மச்சானே என்னிடம் வந்து விசாரித்தார்.

சனிக்கிழமை காலை அலியார் மேசன் வீட்டுக்கு வந்தார். கதிரை போட்டும் உட்காரவில்லை.

"சேர், என்ட வேலையில என்ன பிழை?"

"ஒரு பிழையும் இல்ல மேசன். அருமையான வேலை."

"அப்ப ஏன் உடைக்கணும் எண்டு கதைக்கிறாங்க? அந்தச் சுருள் நாலு தூணுக்கும் நோம்போட நிண்டு செஞ்சது. நூலக் குழாயில சுத்தி, சுத்தச் சுத்த அவிட்டு, அப்படித்தான் அந்த வளைவப் புடிச்சன். ஒரு பக்கம் சரி வந்தா மத்தப் பக்கம் பிழைக்கும். திரும்பச் சாந்து வெப்பன். நான் அதில சிலை செஞ்சனா சேர்?"

"இல்ல."

"நீங்கதான் செல்லிட்டீங்க எண்டு ஊரே செல்லுது."

நான் சொன்னதையும் சொல்லாததையும் விளக்கினேன். அவர் கேட்டுக்கொண்டு நின்றார். விளங்கியிருக்கும். ஆனால் விளக்கத்தை வைத்துக்கொண்டு அவர் என்ன செய்வது? "அங்க வந்து செல்லுங்க" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

திங்கட்கிழமை நஸீமா வரவில்லை. செவ்வாயும் வரவில்லை. வாப்பா மறித்துவிட்டார் என்று பிள்ளைகள் சொன்னார்கள். பரீட்சை கிட்டிக்கொண்டிருந்தது. அந்த வகுப்பில் பல்கலைக்கழகத்துக்குப் போவார் என்று நான் துணிந்து சொல்லக்கூடியவர் அவர் ஒருவர்தான். சைக்கிளை எடுத்துக்கொண்டு மருதமுனைக்குப் போனேன். வாப்பா இஸ்மாலெவ்வை தறியில் இருந்தார். என்னைக் கண்டதும் நிறுத்திவிட்டு எழுந்து வந்து மரியாதையாகத்தான் கதைத்தார்.

"சேர், எனக்கு உங்கட பாடத்தில கோவம் இல்ல. அது படிச்ச ஆக்கள்ர விசயம். என்ட புள்ளதான் முதல்ல அந்தத் தூணக் காட்டினது எண்டு தெருவில அவட பேரச் செல்லிக் கதைக்கிறாங்க. நாளைக்கு அவளுக்கு ஒரு இடம் பாக்கணும்."

"அவ புத்தியுள்ள புள்ள. சரியானதத்தான் செல்லிச்சி."

"சரியானதுதான் சேர். அதுக்காக ஊரோட வழக்குப் பேச ஏலுமா? கதை நிண்டா அனுப்புறன்."

"நிக்காட்டி?"

அவர் திரும்பிப் போய்த் தறியில் உட்கார்ந்தார். எனக்குப் பதில் கிடைத்துவிட்டது.

அந்த வாரமே பள்ளிவாசலுக்கு வரச்சொல்லி ஆள் வந்தது. அதிபர் தானும் வருவதாகச் சொன்னார். எனக்கு ஆச்சரியம். வழியில் அவர் எனக்குத் தந்த புத்தி இது: "கேக்காததுக்குப் பதில் செல்ல வேணாம் சேர். கேட்டதுக்கும் கொஞ்சமாச் செல்லுங்க."

அஸர் தொழுகை முடிந்து பக்கத்து அறையில் பாய் விரித்து உட்கார்ந்தோம். ஹாஜியார், சபையில் ஐந்தாறு பேர், மௌலவி, மூலையில் அலியார் மேசன். அதிபர் என் பக்கத்தில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

ஹாஜியார் கோபமாக இல்லை. களைத்திருந்தார். "சேர், நீங்க நம்மட பள்ளியச் சிலை வீடு எண்டு செல்லல்ல. அது எனக்குத் தெரியும். இந்தத் தூண் அந்தக் கோயில்கள்ல இருந்ததா, இல்லியா? அத மட்டும் செல்லுங்க."

"இருந்தது."

"உள்ள சிலை இருந்ததா?"

"இருந்தது. தூணில இல்ல ஹாஜியார், உள்ள. தூண் கூரையத் தாங்கத்தான்."

"அப்ப சிலை வீட்டுத் தூண்தானே."

"சிலை வீட்டுக்குக் கதவும் இருந்தது. நாமளும் கதவு வெச்சித்தான் இரிக்கம்."

அதிபரின் கை என் முழங்காலில் வந்து விழுந்தது. கண் திறக்கவில்லை. நான் விடவில்லை. முன்னைய காலத்து முஸ்லிம்கள் வட ஆபிரிக்காவிலும் ஸ்பெயினிலும் பள்ளிவாசல் கட்டியபோது, பழைய உரோமக் கட்டடங்களின் தூண்களையே கொண்டுவந்து நிறுத்தினார்கள் என்று சொன்னேன்.

"பாத்தீங்களா?" என்று ஒருவர் கேட்டார்.

"படிச்சன்."

"படம் இரிக்கா?"

படம் இல்லை. எனக்கு வந்த எரிச்சலில் ரோனியோத் தாளைக் கொண்டுவந்து அவர் மடியில் போடலாம் போலிருந்தது. அப்போதுதான் அதுவரை பேசாமல் இருந்த மௌலவி தொண்டையைச் செருமினார்.

"சேர் செல்றது உண்ம. கைரவான் பள்ளியில நிக்கிறது பழைய ஆக்கள்ர தூண்தான். ஸ்பெயின்ல குர்துபாவிலயும் அப்படித்தான். நாங்க கிதாபில படிச்சிரிக்கம். தூணில ஒரு தடையும் இல்ல."

எனக்கு எழுந்து அவர் கையைப் பிடிக்க வேண்டும் போலிருந்தது. மூலையில் மேசன் நிமிர்ந்து உட்கார்ந்தார். மடியிலிருந்து ஹாஜியாரின் மகனுடைய படத்தை எடுத்து நடுவில் வைத்தார். "இது ஹாஜியார் தந்தது. நான் இதப் பாத்துத்தான் செஞ்சன்."

படம் கைமாறிப் போய்க் கடைசியில் ஹாஜியாரிடம் வந்தது. அவர் அதை வெகுநேரம் பார்த்தார்.

"நான் மகனப் பாத்துத்தான் குடுத்தன். தூணப் பாக்கல்ல" என்றார்.

ஒருவரும் சிரிக்கவில்லை. அவர் படத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். பிறகு என்னிடம் திரும்பினார். "சேர் செல்றதும் சரி, மௌலவி செல்றதும் சரி. ஆனா வெள்ளிக்கிழமை தொழ வாற ஒவ்வொரு ஆளுக்கும் நீங்க வாசல்ல நிண்டு கைரவான் கதை செல்லுவீங்களா? நான் செல்லவா? தொழ வாறவன் தூணப் பாத்துக் கதைச்சிக்கிட்டு நிண்டா, நான் பள்ளி கட்டி என்ன புண்ணியம்?"

சரியான விஷயத்தைச் சொல்பவனை வெல்ல, அதைவிடச் சரியான விஷயம் வேண்டியதில்லை. களைத்துப்போன ஒரு மனிதன் போதும்.

அப்போது அதிபர் கண் திறந்தார். எத்தனையோ வருடங்களில் அவர் ஒரு யோசனை சொல்லி நான் கேட்டது அன்றுதான்.

"ஹாஜியார், தூண உடைச்சா முகப்பும் சேந்து போகும். கொம்ப மட்டும் செதுக்கி எடுப்பம். மேல ஒரு சதுரப் பலகை மாதிரி நிக்கட்டும், கீழ வட்டமாத் தேச்சி விட்டாச் சரி. பாக்கிற ஆளுக்கு ஒண்டும் தெரியாது. விசயம் பெரிசாகாது."

அறை முழுவதும் மூச்சு விட்டது. எல்லோரும் ஓம் என்றார்கள். நான் வாய் திறந்தேன். அவர் சொன்ன மாதிரித் தூணின் தலையைச் செதுக்கினால் என்ன வரும் என்று அந்த அறையில் எனக்கு மட்டும்தான் தெரியும். அதிபரின் கை முழங்காலை அழுத்தியது. ஆனால் நான் வாயை மூடியது அதற்காக அல்ல. கதை நின்றால் அனுப்புகிறேன் என்று இஸ்மாலெவ்வை சொன்னது ஞாபகம் வந்தது.

மேசன் அடுத்த கிழமை வேலையைத் தொடங்கினார். நான் பார்க்கப் போனேன். சாரத்தில் ஏறி நின்று உளியை வைத்து, தான் செய்த சுருளைத் தானே கொத்திக்கொண்டிருந்தார். துண்டுகள் சாக்கில் விழுந்தன. என்னுடன் கதைக்கவில்லை. கடைசித் தூணும் முடிந்த அன்று இறங்கிவந்து, தூசி தட்டிவிட்டு, என் பக்கத்தில் நின்று அண்ணாந்து பார்த்தார். மேலே சதுரப் பலகை. அதன் கீழே கிண்ணம் மாதிரி உருண்ட ஒரு கழுத்து. அதன் கீழே தூண்.

கிரேக்கரிடம் சுருள் வைத்த தூணைவிடப் பழைய ஒரு தூண் வகை உண்டு. சுருள் இல்லை, பூ இல்லை. ஒரு சதுரப் பலகை, அதன் கீழே உருண்ட கழுத்து, அவ்வளவுதான். டொறிக் என்று பெயர். அவர்களுடைய மிகப் பழைய கற்கோயில்களில் நிற்பது அதுதான். பார்த்தினனைச் சுற்றி நிற்பதும் அதுதான்.

"இப்பயாவது உங்கட கிரேக்கம் போயிட்டா சேர்?" என்று மேசன் கேட்டார்.

நான் மேலேயே பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் என் முகத்தைப் பார்த்தார். மேலே பார்த்தார். திரும்பவும் என் முகத்தைப் பார்த்தார். பல நாட்களுக்குப் பிறகு அவர் சிரித்ததை அன்றுதான் கண்டேன்.

"செல்ல வேணாம் சேர். எனக்கும் செல்ல வேணாம்" என்று சொல்லிச் சாக்கைத் தூக்கிக்கொண்டு போனார்.

கதை நின்றது. தூணைப் பார்க்க ஒருவருமில்லை, தொழ எல்லோரும் வந்தார்கள். ஹாஜியார் வழியில் கண்டு, "ஒரு கரைச்சலும் இல்ல இப்ப" என்று என் கையைப் பிடித்துச் சொன்னார். அவருடைய முகத்தில் இருந்த நிம்மதியைக் கெடுக்க எனக்கும் மனம் வரவில்லை. எரிச்சல் மட்டும் அப்படியே இருந்தது. யார்மேல் என்று கேட்டால், இன்றுவரை ஒரு ஆளைக் காட்ட முடியவில்லை.

நஸீமா திரும்பி வந்தார். பிறகு பரீட்சையில் நன்றாகச் செய்து பல்கலைக்கழகமும் போனார். அவர் திரும்பி வந்த அன்று நடந்ததைச் சொல்லி நிறுத்திக்கொள்கிறேன்.

நான் டொறிக் தூணைக் கரும்பலகையில் கீறிக்கொண்டிருந்தேன். பலகை, கழுத்து, தூண். பின்னால் சத்தம் நின்றுபோனது. திரும்பிப் பார்த்தால் வகுப்பு முழுவதும் கரும்பலகையைப் பார்க்கிறது, பிறகு ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கிறது. நஸீமா எழுந்தார். கேட்கலாமா, கேட்கக் கூடாதா என்று அவர் யோசித்தது தெரிந்தது. ஆனாலும் கேட்டார்.

"சேர், அப்ப இப்ப நம்மட பள்ளியில நிக்கிறது?"

வாசலுக்கு வெளியே விறாந்தையில் அதிபர் நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரம் நின்றார் என்று தெரியாது. அவரை நான் கண்டேன், நான் கண்டதை அவரும் கண்டார். இல்லை என்று சொல்லலாம். தெரியாது என்று சொல்லலாம். ஒரு சுண்ணாம்புக் கட்டியைக் கையில் வைத்துக்கொண்டு எவ்வளவு காலம்தான் ஒரு மனிதன் முழங்காலில் கை விழுவதைப் பார்த்துக்கொண்டிருப்பது?

"டொறிக்" என்றேன். "அயோனிக்க விடப் பழசு. எல்லாரும் எழுதிக்கங்க."

அதிபர் உள்ளே வந்தார். வகுப்பு எழுந்து நின்றது. அவர் என்னைப் பார்க்கவில்லை, பிள்ளைகளையும் பார்க்கவில்லை. தெருப் பக்கம் இருந்த ஜன்னல்களை ஒவ்வொன்றாகச் சாத்திக் கொழுவினார். சாத்தி முடித்து, கையைத் தட்டிக்கொண்டு வாசலுக்கு வந்தவர் அங்கே ஒருமுறை நின்றார்.

"நடத்துங்க சேர்" என்றார்.